கிணற்றடியில் சுடப்பட்டவர்

பாலைவனத்தில் ஒரு கிணறு. ஓர் ஆங்கிலேய அதிகாரி பொழுது போகாமல் அங்குமிங்கும் நடக்கிறான். அவனுக்கு வழிகாட்ட வந்த பெதூயின் கயிற்றை இழுத்துத் தண்ணீர் சேந்துகிறான். அடிவானத்தில் கானல் நெளிகிறது. அதற்குள்ளே ஒரு கறுப்புப் புள்ளி. புள்ளி நீள்கிறது, ஒட்டகமாகிறது, ஒட்டகத்தின் மேல் ஓர் ஆளாகிறது. பின்னணி இசை கிடையாது. வழிகாட்டி சேந்துவதை விட்டுவிட்டுக் கண்ணை இடுக்கிப் பார்க்கிறான். பாய்ந்துபோய்த் துப்பாக்கியை எடுக்கிறான். தூரத்தில் ஒரு வெடிச்சத்தம். அவன் அங்கேயே சுருண்டு விழுகிறான்.

டேவிட் லீன் இயக்கி 1962இல் வந்த 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா' படத்தில் இந்தக் காட்சியைப் பார்க்காத சினிமாப் பைத்தியம் இருக்க முடியாது. கானலுக்குள்ளிருந்து வருகிற ஓமர் ஷெரீஃபைப் பற்றி, அந்தக் கானலைப் பிடிப்பதற்கென்றே ஒளிப்பதிவாளர் ஃப்ரெடி யங் கொண்டுபோன நீளமான லென்ஸைப் பற்றி, ஆயிரம் கட்டுரைகள் உண்டு. விழுந்து செத்தவனைப் பற்றி யாரும் விசாரிப்பதில்லை. நானும் விசாரிக்கவில்லை. கல்லூரி நாள்களில் ஒரு திரைப்படச் சங்கத்தின் கிழிந்த திரையில் முதல்முறை பார்த்தபோது, 'வருவது யார்' என்றுதான் பக்கத்து இருக்கைக்காரரிடம் கேட்டேன்.

பல ஆண்டுகள் கழித்து ஒரு நண்பர் ஓர் ஒலிப்பதிவை அனுப்பினார். உருது உரைநடை. எனக்கு உருது, ஹிந்திப் பாட்டுகள் வழியாகத் தொற்றிக்கொண்ட அளவுக்குத்தான் தெரியும். ஆனாலும் நிறுத்த முடியவில்லை. கிழவர் ஒருவர் எதிரில் உட்கார்ந்து நம்மிடமே பேசுவதுபோல ஒரு குரல். நடுவில் எங்கேயோ நிறுத்துகிறார். அந்த நிறுத்தத்தில் அரங்கமே மூச்சுப் பிடித்துக் காத்திருப்பது ஒலிப்பதிவிலேயே கேட்கிறது. யார் இவர் என்று கேட்டேன். 'கிணற்றடியில் சுடப்படுவாரே, அவர்தான்' என்று பதில் வந்தது.

அவர் ஜியா மொஹியுத்தீன். 2023 பிப்ரவரி 13 அன்று கராச்சியில் தன் 91ஆவது வயதில் காலமானார். நாடகம், சினிமா, தொலைக்காட்சி, நாடகப் பள்ளி என்று எழுபது ஆண்டுக்குப் பக்கமாக உழைத்தவர். அவருக்குக் கிடைத்த பெரிய வேடங்களைக் கை விரல்களில் எண்ணிவிடலாம். அவருடைய குரல் போய்ச் சேர்ந்த வீடுகளை எண்ணி முடியாது. இந்த இரண்டுக்கும் நடுவே உள்ள இடைவெளிதான் எனக்கு அவருடைய கதை.

லயால்பூரிலிருந்து லண்டன்

1931 ஜூன் 20 அன்று, அன்றைய பிரிட்டிஷ் இந்தியாவின் லயால்பூரில் பிறந்தார். பஞ்சாபின் பருத்தி, கோதுமைச் சந்தை ஊர். பின்னாளில் சவூதி மன்னர் ஃபைசலின் பெயரால் ஃபைசலாபாத் ஆகிவிட்டது. ('லாரன்ஸ்' படத்தில் அவர் வழிகாட்டி அழைத்துப்போவதும் ஒரு ஃபைசலிடம்தான். இவர் வேறு ஃபைசல், அவர் வேறு ஃபைசல்.) அப்பா காதிம் மொஹியுத்தீன் கணிதக்காரர், இசையிலும் நாடகத்திலும் ஊறியவர், பாட்டும் எழுதுவார். வீட்டில் கணக்கும் ராகமும் ஒரே கூரையின் கீழ் இருந்தன. மகன் பின்னாளில் ஒரு வாக்கியத்தை வாசிக்கும்போது எங்கே எத்தனை மாத்திரை நிற்க வேண்டும் என்று கணக்குப் போட்டது அந்த வீட்டுப் பழக்கமாகத்தான் இருக்க வேண்டும்.

லாகூர், வானொலி என்று சில காலம் ஓடியபின் 1953இல் லண்டனின் ராயல் அகாடமி ஆஃப் டிராமட்டிக் ஆர்ட்டில் சேர்ந்தார். பிற்பாடு லாரன்ஸாக நடித்த பீட்டர் ஓ'டூலும் அந்தக் காலத்தில் அங்கே மாணவர்தான். ஒருவர் படத்தின் பெயராகவே ஆனார், இன்னொருவர் அதே படத்தில் அரை மணி நேரம்கூடத் தாக்குப்பிடிக்கவில்லை. திறமையின் அளவு மட்டும் அந்த வித்தியாசத்தைத் தீர்மானிக்கவில்லை என்பதைச் சொல்லித்தான் தெரிய வேண்டுமா?

பழுப்புத் தோல்காரனுக்கு அன்றைய லண்டன் மேடையில் வேடமே அபூர்வம். அந்த அபூர்வம் 1960இல் வந்தது. ஈ.எம். ஃபார்ஸ்டரின் 'எ பாசேஜ் டு இந்தியா' நாவலை நாடகமாக்கியவர் சாந்தா ராமா ராவ். சென்னையில் பிறந்து, உலகம் சுற்றி வளர்ந்து, அமெரிக்காவில் எழுத்தாளராக வாழ்ந்த பெண். ஆக்ஸ்ஃபோர்டில் மேடையேறிய நாடகம் அதே ஆண்டு ஏப்ரலில் லண்டனின் வெஸ்ட் எண்டுக்கு, காமெடி தியேட்டருக்கு வந்தது. செய்யாத குற்றத்துக்காகக் கூண்டில் ஏற்றப்படும் டாக்டர் அஸீஸ் வேடத்தில் ஜியா. ஃபார்ஸ்டர் அப்போது உயிரோடு இருந்தார், நேரில் பார்த்தார், மகிழ்ந்தார். தன் நாவலைச் சினிமாக்காரர்களுக்குத் தரவே மாட்டேன் என்று கடைசிவரை பிடிவாதமாக இருந்த மனிதர், இந்த நாடகத்துக்கு மட்டும் சம்மதித்திருந்தார்.

1962இல் நியூயார்க்கின் பிராட்வேயில் அதே நாடகம், அதே அஸீஸ். 109 காட்சிகள். 1965இல் பிபிசி தொலைக்காட்சிக்காக வாரிஸ் ஹுசைன் இயக்கியபோதும் அஸீஸ் இவர்தான். மிஸஸ் மூராக சிபில் தார்ண்டைக், கூடவே சயீத் ஜாஃப்ரி. ஆக மூன்று முறை, மூன்று விதமான மேடைகளில், ஒரே மனிதனாக வாழ்ந்திருக்கிறார்.

ஃபார்ஸ்டர் 1970இல் இறந்தபின் நாவலின் திரைப்பட உரிமை ஒருவழியாகக் கைமாறி, 1984இல் படம் வந்தது. இயக்கியவர் யார்? அதே டேவிட் லீன். அஸீஸாக விக்டர் பானர்ஜி. ஜியாவுக்கு அப்போது ஐம்பதைத் தாண்டிவிட்டது. வயது ஒத்துவந்தபோது படம் இல்லை. படம் வந்தபோது வயது இல்லை.

இளவரசர், அடிமை வியாபாரி, வழிகாட்டி

மறுபடி பாலைவனத்துக்குப் போவோம். கிணற்றடிக்கு முன்னால் இரண்டு சின்னக் காட்சிகள் உண்டு. போகிற வழியில் வழிகாட்டி டஃபாஸ் ஒரு கோப்பைத் தண்ணீரை லாரன்ஸிடம் நீட்டுகிறான். நீ குடிக்கவில்லையா என்று லாரன்ஸ் கேட்க, இல்லை என்கிறான். லாரன்ஸ் கோப்பையைத் திரும்பக் கவிழ்த்து ஊற்றிவிடுகிறான். அந்த நொடியில் ஜியாவின் முகத்தைப் பாருங்கள். வெள்ளைக்காரனைப் பார்த்து ஒரு சிறு வியப்பு. உடனே அதை மறைக்கும் ஒரு கௌரவம். பிறகு லாரன்ஸ் தன் கைத்துப்பாக்கியைப் பரிசாகக் கொடுக்கும்போது கண்ணில் ஒரு குழந்தைத்தனமான ஆசை. அந்தத் துப்பாக்கியை எடுத்ததால்தான் கிணற்றடியில் செத்தான். படத்தில் கொஞ்ச நேரமே வரும் ஒரு பாத்திரத்துக்கு முழு வாழ்க்கையைக் கொடுத்திருப்பதால்தான் அந்தச் சாவு நம்மைத் தைக்கிறது. ஓமர் ஷெரீஃப் நடித்த அலியின் வருகைக்குப் பிரம்மாண்டத்தைக் கொடுத்தது லென்ஸ் என்றால், அதற்குக் கொடூரத்தைக் கொடுத்தது டஃபாஸ்.

அதன்பின் வந்த வாய்ப்புகள் ஒரு பூகோளப் புத்தகம். ஃப்ரெட் ஜின்னமனின் 'பிஹோல்ட் எ பேல் ஹார்ஸ்' (1964) படத்தில் லூயிஸ் என்ற பெயர். 'கார்ட்டூம்' (1966) படத்தில் சூடானின் அடிமை வியாபாரி ஸுபைர் பாஷா. 'தி அவெஞ்சர்ஸ்' தொலைக்காட்சித் தொடரில் பராபியா என்ற கற்பனை நாட்டின் இளவரசர். அரபு, ஸ்பெயின், சூடான், இல்லாத நாடு எல்லாவற்றுக்கும் இந்த முகம் போதும் என்று இருந்தார்கள். பஞ்சாபிக்குப் பஞ்சாபி வேடம் மட்டும் கிடைக்கவில்லை.

1968 மார்ச்சில் பிராட்வே மறுபடி கூப்பிட்டது. ஆர்.கே. நாராயணின் 'தி கைடு' நாவல், நாடகமாக. புரசைவாக்கத்தில் பிறந்த எழுத்தாளரின் மால்குடி ராஜு வேடத்தில் லயால்பூர்க்காரர். தேவ் ஆனந்தின் சினிமா அதற்கு மூன்று வருடம் முன்பே வந்திருந்தது. சினிமாவைப் போலவே நாடகமாக்கத்திலும் நாராயணுக்குத் திருப்தியில்லை. ஹட்சன் தியேட்டரில் ஐந்தே காட்சிகளோடு மூட்டை கட்டிவிட்டார்கள். டஃபாஸும் வழிகாட்டி, ராஜுவும் வழிகாட்டி. இரண்டு முறையும் வழிகாட்டிக்கு ஆயுசு கம்மி.

எனக்குப் பிடித்தது, பலரும் மறந்துவிட்ட 'பாம்பே டாக்கி' (1970). ஜேம்ஸ் ஐவரி இயக்கம், இஸ்மாயில் மெர்ச்சண்ட் தயாரிப்பு, சுப்ரதா மித்ரா ஒளிப்பதிவு. சசி கபூர் பம்பாய் சினிமா நட்சத்திரமாக. ஜெனிஃபர் கெண்டல் ஆங்கில எழுத்தாளராக. அவள்மேல் ஒருதலையாக உருகும் சினிமா எழுத்தாளர் ஹரியாக ஜியா. ராட்சச டைப்ரைட்டரின் சாவிகள்மேல் ஹெலன் துள்ளி ஆடும் அந்தப் பாட்டைப் பார்த்திருப்பீர்கள், இந்தப் படம்தான். அவ்வளவு பளபளப்புக்கு நடுவே ஜியா கசங்கிய சட்டையைப் போன்ற ஒரு மனிதனாகத் திரிகிறார், கடைசியில் கத்தியை எடுக்கிறார். 1965 யுத்தத்துக்கும் 1971 யுத்தத்துக்கும் இடையில் கிடைத்த சின்ன மூச்சுவிடும் நேரத்தில், ஒரு பாகிஸ்தானி பம்பாயில் வந்து ஹரி என்ற பெயரில் நடித்துவிட்டுப் போயிருக்கிறார். இன்றைக்கு நினைத்துப் பார்க்க முடியுமா?

ஒரு நாட்டில் இரண்டு ஜியா

இதற்குள் ஊர் திரும்பியிருந்தார். பாகிஸ்தான் தொலைக்காட்சியில் 1969இலிருந்து 1973வரை 'ஜியா மொஹியுத்தீன் ஷோ'. பார்வையாளர்களை எதிரே உட்காரவைத்து, விருந்தினரோடு அரட்டை, நையாண்டி, பாட்டு. தொலைக்காட்சிப் பெட்டியே புதுசாக இருந்த தேசத்தில் அது பெரிய ரகளை. லண்டன் தராத நட்சத்திர அந்தஸ்தை ஒரு நாற்காலியும் ஒரு ஒலிவாங்கியும் தந்தன. லாகூர் சினிமா அவரை வைத்து என்ன செய்வது என்று தெரியாமல் விழித்தது தனிக் கதை. அதில் சொல்ல அதிகமில்லை.

1973இல் பாகிஸ்தான் விமானக் கம்பெனி நடத்திய கலை அகாடமியின் இயக்குநரானார். ஒரு விமானக் கம்பெனி நாட்டியக் குழு வைத்துக்கொண்டு உலகம் சுற்றிய காலம் அது. அங்கே ஆடிய கதக் கலைஞர் நாஹித் சித்திகியை மணந்தார்.

1977 ஜூலையில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. தளபதியின் பெயர் ஜியா உல் ஹக். ஜியா என்றால் வெளிச்சம். பெண்கள் மேடையில் ஆடுவது புதிய ஆட்சிக்குப் பாவமாகத் தெரிந்தது. நாஹித் தொலைக்காட்சியில் நடத்திய நடன நிகழ்ச்சி பாதியில் நிறுத்தப்பட்டது. ஆடவே கூடாது என்றபின் அந்த வீட்டுக்கு அந்த நாட்டில் என்ன வேலை? இருவரும் இங்கிலாந்து போனார்கள். பர்மிங்காமில் குடியேறிய ஆசிய மக்களுக்காக சென்ட்ரல் தொலைக்காட்சியில் 'ஹியர் அண்ட் நௌ' என்ற நிகழ்ச்சியை 1980களில் ஜியா நடத்தினார்.

அந்த ஒதுங்கியிருந்த காலத்தில்தான் அவருடைய மிகச் சிறந்த திரை வேடம் வந்தது என்பேன். பால் ஸ்காட்டின் நான்கு நாவல்களை வைத்து கிரானடா தொலைக்காட்சி எடுத்த 'தி ஜூவல் இன் தி கிரௌன்' (1984), 14 பகுதிகள். அதில் முகமது அலி காசிம். முன்னாள் மாகாண முதலமைச்சர், காங்கிரஸ் முஸ்லிம், சிறைக்குப் போனவர். முஸ்லிம் லீகுக்கு வா என்று இழுத்தாலும் வராதவர். ஒரு மகன் பிரிட்டிஷ் ராணுவ அதிகாரியாக இருந்து நேதாஜியின் படையில் சேர்ந்துவிடுகிறான். கொடுத்த வாக்கை மீறிவிட்டானே என்று தகப்பனுக்கு உள்ளுக்குள் நெருடல். இன்னொரு மகனைப் பிரிவினைக் கலவரத்தில் ரயிலை மறித்துக் கொல்கிறார்கள். தேசம் பிளவுபடக்கூடாது என்று நின்ற இந்திய முஸ்லிம் தலைவராக, பிளவில் பிறந்த நாட்டின் குடிமகன், அந்த நாட்டை விட்டு வந்த நிலையில் நடிக்கிறார். ஜியா குரலை உயர்த்துவதே இல்லை. எதிராளி பேசி முடித்தபின் அரை நொடி தாமதித்துப் பதில் சொல்கிறார். அந்த அரை நொடியில் காசிம் தன் மனசாட்சியிடம் ஒருமுறை கேட்டுவிட்டு வருவதாகத் தோன்றும்.

நாற்காலி, தாள், குரல்

உருதுக் கவிதையை மேடையில் சொல்ல இரண்டு வழி உண்டு. ராகம் போட்டு இழுத்துப் பாடுவதுபோலச் சொல்வது தரன்னும். பாட்டின் சாயல் துளியும் இல்லாமல் பேச்சாகவே சொல்வது தஹ்துல் லஃப்ஸ். முதலாவது கைதட்டல் வாங்கும். இரண்டாவதில் ஒளிந்துகொள்ள இடம் கிடையாது. சொல்லுக்குப் பொருள் தெரியாமல் சொன்னால் உடனே பிடிபட்டுப்போவோம். ஜியா இரண்டாவது வழியின் ராஜா.

ஒவ்வொரு ஆண்டும் டிசம்பர் கடைசியில் லாகூரில் அவருடைய வாசிப்பு மாலை நடக்கும். எத்தனையோ ஆண்டுகள் தவறாமல் நடந்த சடங்கு அது. அலங்காரம் இல்லை, இசைக் குழு இல்லை. கையில் தாள்கள், மூக்கில் கண்ணாடி. மீர் அனீஸின் மர்சியா என்கிற இரங்கற்பா, ஃபைஸின் கவிதை, நூன் மீம் ராஷித்தின் 'ஹசன் கூஸாகர்' என்கிற குயவன் கவிதை; பத்ரஸ் புகாரி, இப்னே இன்ஷா, முஷ்தாக் அகமது யூசுஃபி ஆகியோரின் நகைச்சுவை உரைநடை. ஃபைஸ் தன் கவிதையைத் தானே உப்புச்சப்பில்லாமல் வாசிப்பார் என்று அவருடைய ரசிகர்களே சிரிப்பார்கள். ஜியா வாசித்தபின்தான் அந்த வரிகளுக்குள் இத்தனை வளைவுகள் இருந்தன என்று பலருக்கும் தெரியவந்தது.

எல்லாவற்றுக்கும் மேலே காலிப்பின் கடிதங்கள். 1857க்குப் பிந்தைய டெல்லி. தெருக்கள் காலி, நண்பர்கள் செத்தோ சிதறியோ போய்விட்டார்கள். கிழக் கவிஞர் மிச்சமிருக்கும் சிநேகிதர்களுக்கு எழுதிக்கொண்டே இருக்கிறார். எதிரில் இருப்பவரோடு பேசுவதுபோலக் கடிதம் எழுதி உருது உரைநடையையே மாற்றியவர் காலிப். ஜியா அதை வாசிக்கும்போது, துக்கத்தைச் சொல்லிக்கொண்டே வந்து, மூச்சு மாற்றாமல் ஒரு கிண்டலில் இறங்கிவிடுவார். கேட்பவர்கள் சிரிக்கிறார்கள். சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்த சாவுச் செய்தி. எங்கே நிற்க வேண்டும் என்று தெரிந்த மனிதன் மட்டுமே செய்யக்கூடிய வேலை.

இன்னொரு விஷயம். உருதுவில் நாக்கின் பின்பகுதியில் பிறக்கும் ஒரு 'க' உண்டு, தொண்டையின் அடியிலிருந்து பிறக்கும் இன்னொரு 'க' உண்டு. தமிழில் இரண்டையும் ஒரே எழுத்தில்தான் எழுதியாக வேண்டியிருக்கிறது. பஞ்சாபிகளுக்கு அந்த இரண்டாவது 'க' சுலபத்தில் வராது. நம்மில் பாதிப் பேருக்கு 'ழ' படும் பாடுதான். பஞ்சாபியான ஜியாவின் தொண்டையில் அது அப்படியே அச்சுப்போல வந்து விழும். பிறப்பில் கிடைத்ததாக இருக்க முடியாது. ஷேக்ஸ்பியரை எப்படிச் சொல்ல வேண்டும் என்று லண்டனில் கற்ற ஒழுக்கத்தை உருதுவின் பக்கம் திருப்பியிருக்கிறார். அவர் ஆங்கிலம் பேசினால் ஆங்கிலேயர் என்பார்கள், உருது பேசினால் லக்னோக்காரர் என்பார்கள்.

இந்த ஒழுக்கத்தைச் சொல்லிக்கொடுக்கவும் ஓர் இடம் அமைந்தது. அதிபர் முஷாரஃப் கேட்டுக்கொண்டதன்பேரில் 2005இல் கராச்சியில் தேசிய நிகழ்கலை அகாடமியைத் தொடங்கினார். சுருக்கமாக 'நாபா'. ஒரு ராணுவ ஆட்சியில் ஊரைவிட்டுப் போனவருக்கு இன்னொரு ராணுவ ஆட்சியில் பள்ளி கிடைத்தது. பாகிஸ்தான் சரித்திரம் அப்படித்தான் வளைந்து வளைந்து போகும். பள்ளி இருப்பது 1925இல் கட்டப்பட்ட ஹிந்து ஜிம்கானா கட்டடத்தில்; மண்டபக் கோபுரங்களும் கல் வேலைப்பாடுமாக மொகலாயச் சாயலில் நிற்கும் மாளிகை. எங்கள் சொத்தைத் திருப்பிக் கொடுங்கள் என்று கராச்சி ஹிந்துக்கள் கேட்டார்கள். விவகாரம் நீதிமன்றம்வரை போனது. அவர்கள் கேட்டதில் நியாயம் இருக்கிறது. அந்தப் பள்ளி இல்லாவிட்டால் கராச்சியில் நாடகம் கற்கப் போக்கிடமில்லை என்பதும் உண்மை. ஜியாவைக் கொண்டாடும் கட்டுரைகள் பெரும்பாலும் இந்தப் பக்கத்தை எட்டிப் பார்ப்பதில்லை.

பள்ளியைத் தொடங்கும்போது அவருக்கு எழுபது தாண்டிவிட்டது. 2022வரை, ஏறத்தாழ பதினேழு ஆண்டுகள், தலைமையில் இருந்தார். தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் முகம் காட்டிவிட்டால் போதும், வருமானம் கொட்டும் என்ற ஊரில், மூன்று ஆண்டு உட்கார்ந்து உச்சரிப்பையும் மூச்சையும் பழகு என்று இளைஞர்களிடம் சொல்வது லேசான காரியம் இல்லை. படித்து வெளியே போன பிள்ளைகள் இன்று கராச்சி மேடைகளில் நடிக்கிறார்கள், இயக்குகிறார்கள்.

ஆங்கிலத்தில் மூன்று புத்தகங்கள் எழுதினார்: 'எ கேரட் இஸ் எ கேரட்', 'தியேட்ரிக்ஸ்', 'தி காட் ஆஃப் மை ஐடாலட்ரி'. 2016இல் வந்த கடைசிப் புத்தகத்தின் தலைப்பு, மாடத்தில் நின்று ஜூலியட் ரோமியோவிடம் பேசுகிற பேச்சிலிருந்து எடுத்தது. 2022இல், தொண்ணூறு வயதில், 'ரோமியோ ஜூலியட்' நாடகத்தை உருதுவில் தன் மாணவர்களை வைத்து இயக்கினார். அதற்கு அடுத்த பிப்ரவரியில் போய்விட்டார்.

இணையத்தில் அவருடைய வாசிப்புகள் ஏராளமாகக் கிடைக்கின்றன. உருது தெரியாதே என்று தயங்காதீர்கள். காலிப் கடிதங்களிலிருந்து தொடங்குங்கள். இரவில், ஹெட்போனில், ஒரு பத்து நிமிடம். அது முடிந்தபிறகு 'லாரன்ஸ்' படத்தை மறுபடி போட்டு, கானலைப் பார்க்காமல் கிணற்றுப் பக்கம் பாருங்கள்.